மைதானம் பார்த்தவர் மகன்

அப்பாவுக்கு ராத்திரி ஷிப்ட் என்றால், விடிகாலையில் அவர் சைக்கிளுக்கு ஸ்டாண்டு போடும் சத்தத்தில்தான் எங்கள் வீடு கண்விழிக்கும். 1998 டிசம்பரில் அப்படி ஒரு நாள். மார்கழிப் பனி. வாசல் பலாமரத்து இலைகளிலிருந்து சொட்டுச் சொட்டாக ஈரம் விழுந்துகொண்டிருந்தது. அப்பா டிபன் கேரியரை அம்மாவிடம் நீட்டிவிட்டு, தலையில் கட்டிய மஃப்ளரைக்கூட அவிழ்க்காமல் என்னைத் தட்டி எழுப்பினார். கையில் அன்றைய பேப்பர்.

“டேய், ஜெயிச்சுட்டாங்கடா. பாங்காக்ல ஹாக்கி தங்கம். முப்பத்திரண்டு வருஷம் கழிச்சு!”

தூக்கக் கலக்கத்தில் எனக்கு ஒன்றும் புரியவில்லை. அவரே தொடர்ந்தார்.

“கேப்டன் யாரு தெரியுமா? தன்ராஜ் பிள்ளை. நம்ம ஆளு.”

“நெய்வேலியாப்பா?”

“இல்லடா. பூனா பக்கத்துல கட்கி. ஆனா தமிழ்க் குடும்பம். அவங்க அப்பாவுக்கு ஃபேக்டரி கிரவுண்டைப் பார்த்துக்குற வேலை. உன்ன மாதிரி குவார்ட்டர்ஸ்ல வளர்ந்த பையன்தான்.”

அந்தக் கடைசி வரிதான் என்னை எழுப்பி உட்கார வைத்தது. அதுவரை விளையாட்டு வீரர்கள் என்றால் வேறு ஏதோ உலகத்தில் பிறப்பவர்கள் என்று நினைத்திருந்தேன். தொழிற்சாலை குவார்ட்டர்ஸிலிருந்து ஒருவர் போய் இந்திய அணிக்குக் கேப்டன் ஆகலாம் என்பது ஏழாம் வகுப்புப் பையனுக்கு எவ்வளவு பெரிய செய்தி என்று டவுன்ஷிப்பில் வளர்ந்தவர்களுக்குத் தெரியும். இத்தனை வருடம் கழித்து அவரைப் பற்றி எழுத உட்கார்ந்ததற்கும் அந்த வரிதான் காரணம்.

தன்ராஜ் பிறந்தது 1968 ஜூலை 16. அப்பா நாகலிங்கம் பிள்ளை, அம்மா ஆண்டாளம்மா. நான்காவது மகன். கட்கி ராணுவத் தளவாடத் தொழிற்சாலைகள் நிறைந்த ஊர். அங்கே வெடிமருந்துத் தொழிற்சாலை 1869-லிருந்தே இயங்கி வருகிறது. ராணுவத்தையும் தொழிற்சாலையையும் நம்பித் தெற்கிலிருந்து போன குடும்பங்கள் அங்கே பல தலைமுறைகளாக இருக்கின்றன. அப்படி ஒரு குடியிருப்பில் மைதானப் பராமரிப்பு வேலை பார்த்தவர் நாகலிங்கம். வீட்டில் பணம் இல்லை. பிள்ளைகளுக்குப் புது ஸ்டிக் வாங்கித் தர வழியில்லை. பெரியவர்கள் ஆடி முறித்துப் போட்ட ஸ்டிக்குகளை ஒட்டுப்போட்டு, தூக்கி எறிந்த பந்துகளைப் பொறுக்கி வந்து, சேறும் மண்ணுமான தரையில் அண்ணன் தம்பிகள் ஆடினார்கள்.

முறிந்த ஸ்டிக் என்ற இடத்தில் நான் ஒவ்வொரு முறையும் நின்றுவிடுவேன். எங்களுக்கும் அதுதானே கிடைத்தது!

நெய்வேலி தெரியாதவர்களுக்காகக் கொஞ்சம் சொல்கிறேன். ஜம்புலிங்க முதலியார் தன் நிலத்தில் கிணறு தோண்டப் போக, கறுப்பாக ஏதோ வந்தது என்று தொடங்கும் எங்கள் ஊர்க் கதை. 1956-ல் பழுப்பு நிலக்கரி நிறுவனம் வந்தது. சுரங்கம், அனல்மின் நிலையம் என்று வளர்ந்தபோது, வேலைக்கு வந்தவர்களுக்காக முந்திரிக் காட்டுச் செம்மண்ணில் ‘வட்டம்’ என்று பெயரிட்ட பகுதிகளாக ஒரு நகரத்தையே கட்டினார்கள். நேர்நேரான தெருக்கள், வீட்டுக்கு வீடு தோட்டம், பலா, மா. எங்கு திரும்பினாலும் ஒரு காலி இடம். பாரதி விளையாட்டரங்கம் பெரியவர்களுக்கு. எங்களுக்கு வட்டத்துக்குள் இருந்த செம்மண் திடலே போதும்.

அந்தத் திடலில் நாங்கள் பத்துப் பன்னிரண்டு பேர். பள்ளி அணியில் ஆடிய ஓர் அண்ணன், கழுத்துப் பக்கம் விரிசல் விட்ட ஸ்டிக் ஒன்றை எனக்குக் கொடுத்தார். பழைய சைக்கிள் டியூபை நீளவாக்கில் கீறி, வலித்துப் பிடித்துச் சுற்றினால் விரிசல் அடங்கும். இரண்டு வாரம் தாங்கும். பிறகு மறுபடி சுற்ற வேண்டும். ஸ்டிக் கிடைக்காதவர்கள் கொய்யாக் கிளையை வளைவு பார்த்து வெட்டிக்கொண்டார்கள். பந்து, கிரிக்கெட் கார்க் பந்து. மழை பெய்த மறுநாள் செம்மண் தரை எப்படி இருக்கும் தெரியுமா? மேலே வழுக்கும், உள்ளே இறுகிப்போய் இருக்கும். பந்து எந்தப் பக்கம் எகிறும் என்று யாராலும் சொல்ல முடியாது. அப்படிப்பட்ட தரையில் பந்தை மட்டையோடு ஒட்டவைத்துக்கொண்டு ஓடக் கற்றால், கண்ணைவிடக் கை முந்திக்கொள்ளும். தன்ராஜின் கையில் இருந்த வேகம் எங்கிருந்து வந்தது என்று யோசிக்கும்போது எனக்கு அந்த ஈரச் செம்மண்தான் நினைவுக்கு வருகிறது.

அவர் மனதில் வைத்துக்கொண்டு ஆடியது முகமது ஷாகித்தை. வாரணாசிக்காரர், 1980 மாஸ்கோ ஒலிம்பிக் தங்க அணியில் இருந்தவர், பந்தைக் கடத்திப் போவதில் மந்திரக்காரர். அந்த மாஸ்கோ அணிக்குக் கேப்டன் நம் சென்னையின் வாசுதேவன் பாஸ்கரன். இறுதி ஆட்டத்தில் ஸ்பெயினை 4-3 என்று வென்றார்கள். அதன் பிறகு இந்திய ஆண்கள் அணி மீண்டும் ஓர் ஒலிம்பிக் பதக்கத்தைத் தொட 2021-ல் நடந்த டோக்கியோ ஒலிம்பிக் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. தன்ராஜின் ஆட்டக்காலம் முழுவதும் அந்த நீண்ட வறட்சிக்குள்தான் அடங்குகிறது. அவரை எடைபோடும் யாரும் இதை மறக்கக் கூடாது.

எண்பதுகளின் நடுவில் அவர் மும்பைக்குப் போனார். அங்கே அண்ணன் ரமேஷ், ஆர்.சி.எஃப். என்ற உர நிறுவனத்தின் அணியில் ஆடிக்கொண்டிருந்தார். இந்தியாவுக்கும் ஆடியவர். தம்பியை வேகமான ஃபார்வர்டாகத் தீட்டியதில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. பிறகு மகிந்திரா அணி. அங்கே ஒலிம்பிக் வீரரான ஜோக்கிம் கார்வாலோவின் பயிற்சி. பின்னாளில் இந்தியன் ஏர்லைன்ஸில் வேலை.

இந்த வரிசையைக் கவனியுங்கள். தளவாடத் தொழிற்சாலைக் குடியிருப்பு, உர நிறுவனம், வாகன நிறுவனம், விமான நிறுவனம். இந்திய ஹாக்கியை அந்தக் காலத்தில் சுமந்தது இப்படிப்பட்ட நிறுவன அணிகள்தான். ரயில்வே, வங்கிகள், ராணுவம், காவல்துறை எல்லாம் இதில் சேர்த்தி. விளையாட்டு ஒதுக்கீட்டில் ஒரு வேலை. மாதம் பிறந்தால் சம்பளம். காலையிலும் மாலையிலும் மைதானம். ஏழை வீட்டுப் பையன் இருபத்தைந்து வயதுக்கு மேலும் ஸ்டிக்கைக் கீழே வைக்காமல் இருந்தான் என்றால் அந்தச் சம்பளம் வீட்டில் அடுப்பெரித்ததால்தான். நிறுவன நகரத்தில் வளர்ந்த எனக்கு அந்த வேலையின் அருமை யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை.

1989 டிசம்பரில் டெல்லியில் நடந்த ஆசியக் கோப்பையில் இந்தியச் சட்டையை முதன்முதலில் அணிந்தார். கழற்றியது 2004 ஆகஸ்டில். பதினைந்து வருடம், 339 ஆட்டங்கள். நான்கு ஒலிம்பிக், நான்கு உலகக் கோப்பை, நான்கு ஆசிய விளையாட்டு, நான்கு சாம்பியன்ஸ் டிராபி. எத்தனை கோல் போட்டார்? நூற்று எழுபது போல இருக்கும் என்கிறார்கள். அதிகாரபூர்வமான கணக்கே கிடையாது. கிரிக்கெட்டில் ஒருவர் எத்தனை பந்தைத் தொடாமல் விட்டார் என்பதற்குக்கூடக் கணக்கு இருக்கும் நாட்டில், இப்படி ஒரு ஃபார்வர்டின் கோல்களை யாரும் உட்கார்ந்து எண்ணி வைக்கவில்லை. எனக்கு இன்றும் ஆறாத வருத்தம் இது.

அவர் ஆட்டத்தைப் பார்த்தவர்களுக்கு அந்தத் தலைமுடி நினைவிருக்கும். தோள் வரை பறக்கும் முடி, முன்னால் வளைந்த முதுகு, தரையை ஒட்டிய ஸ்டிக். நடுக்களத்தில் பந்து கிடைத்தால் அடுத்த ஐந்து நொடியில் எதிரணியின் ‘டி’ வட்டத்துக்குள் இருப்பார். தடுக்க வருபவரின் எந்தக் கால் முன்னால் இருக்கிறது என்று பார்த்து மறுபக்கம் புகுந்துவிடுவார். தானே அடிக்க முடியாது என்றால் பெனால்டி கார்னர் வாங்கிவிடுவார், அல்லது பக்கத்தில் வருபவருக்குத் தட்டிக்கொடுத்துவிடுவார்.

அவர் ஆடிய காலத்தில் ஆட்டமே மாறிக்கொண்டிருந்தது. 1976 மாண்ட்ரியல் ஒலிம்பிக்கில் செயற்கைத் தரை வந்தது. புல்லிலும் மண்ணிலும் கற்ற நம் ஆட்டக்காரர்களுக்கு அது வேறோர் ஆட்டம். தண்ணீர் தெளித்த தரையில் பந்து வழுக்கிக்கொண்டு பறக்கும். இடைவிடாமல் ஓட உடம்பில் தெம்பு வேண்டும். அந்தத் தரையைப் போட அப்போது நம்மிடம் காசும் இல்லை. ஐரோப்பாவில் சிறுவர்கள்கூட அதில் பழகிக்கொண்டிருந்தபோது, நம் பையன்கள் தேசிய முகாமுக்குத் தேர்வான பிறகுதான் அதைக் கண்ணால் பார்த்தார்கள். தொண்ணூறுகளின் நடுவில் ஆஃப்சைடு விதியை எடுத்தார்கள். ஆட்டத்தின் வேகம் இன்னும் கூடியது. மண்ணில் கற்ற கையை வைத்துக்கொண்டு இத்தனை மாற்றத்துக்கும் ஈடுகொடுத்தவர் தன்ராஜ். 1994 சிட்னி உலகக் கோப்பை முடிந்ததும் அறிவித்த உலக அணியில் இடம்பிடித்த ஒரே இந்தியர் அவர்தான்.

ஆனால் பதக்கப் பட்டியலைப் பார்த்தால் மனது கனக்கும். 1992 பார்சிலோனா, ஏழாம் இடம். 1996 அட்லாண்டா, எட்டாம் இடம். 2004 ஏதென்ஸ், மறுபடி ஏழு. இடையில் 2000 சிட்னி இருக்கிறதே, அதை நினைத்தால் இன்றும் தொண்டை அடைக்கிறது. பயிற்சியாளர் அதே வாசுதேவன் பாஸ்கரன். போலந்தை வென்றால் அரையிறுதி. 1-0 என்று முன்னிலை. ஆட்டம் முடிய இரண்டு நிமிடம்கூட இல்லை. அந்த நேரத்தில் போலந்து ஒரு கோல் போட்டு 1-1 ஆக்கியது. அவ்வளவுதான். நம் இடத்தில் தென்கொரியா அரையிறுதிக்குப் போய், இறுதி வரை ஏறி வெள்ளி வாங்கிக்கொண்டது. நாம் ஏழாம் இடம். மூன்றாவது ஒலிம்பிக்கும் தன்ராஜின் கைவிட்டுப் போனது. அப்போது அவருக்கு வயது முப்பத்திரண்டு.

செய்தி கேட்டு எங்கள் வீட்டில் யாரும் பேசவில்லை. அப்பா தோட்டத்துக்குப் போய் வாழைக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டே இருந்தார். பாத்தி நிரம்பி வழிந்ததைக்கூடக் கவனிக்கவில்லை.

பாங்காக்குக்கு வருகிறேன். 1998 ஆசிய விளையாட்டு இறுதி ஆட்டத்தில் தென்கொரியாவோடு 1-1. டை பிரேக்கரில் 4-2. கோல்கீப்பர் ஆஷிஷ் பல்லால் மலைபோல நின்றார். இதே பாங்காக்கில் 1966-ல் வென்ற பிறகு ஆசிய விளையாட்டுத் தங்கம் நமக்கு எட்டவே இல்லை. 1990 பெய்ஜிங்கிலும் 1994 ஹிரோஷிமாவிலும் வெள்ளியோடு திரும்பிய தன்ராஜ், இந்த முறை கேப்டனாகத் தங்கத்தைக் கொண்டுவந்தார். அந்தப் போட்டியில் அதிக கோல் அடித்தவரும் அவரே.

அடுத்து என்ன நடந்தது? வெற்றிக் களிப்பு அடங்கும் முன்பே தன்ராஜ், பல்லால் உட்பட மூத்த வீரர்கள் பலர் அணியில் இல்லை. ஓய்வு கொடுத்திருக்கிறோம் என்றது ஹாக்கிக் கூட்டமைப்பு. தங்களுக்குச் சேர வேண்டிய பணத்தைக் கேட்டதற்கான தண்டனை என்று ஊரெல்லாம் பேசியது. அவரைக் கோபக்காரர் என்பார்கள். உண்மைதான், மனதில் பட்டதை அந்த இடத்திலேயே சொல்லிவிடுவார். கண்ணீரும் அவருக்குச் சட்டென்று வரும். எனக்கு அதில் குறை தெரியவில்லை. நாட்டுக்குத் தங்கம் வாங்கித் தந்த பிள்ளைகள் தங்கள் படிக்காசைக் கேட்டால் முறைப்பது எந்த ஊர் நியாயம்? தொழிலாளி வீட்டில் வளர்ந்தவருக்கு, உழைத்த கூலியைக் கேட்பதில் கூச்சம் ஏன் இருக்க வேண்டும்? பேசாமல் இருந்திருந்தால் அவருக்கு வசதியாக இருந்திருக்கும். பேசினார். பின்னால் வந்த பிள்ளைகளுக்கு அது உதவியது என்றே நம்புகிறேன்.

பிறகு மீண்டும் அணிக்குள் வந்தார். நடுவில் வெளிநாட்டுக் கிளப்புகளுக்கும் ஆடினார். லண்டனின் இந்தியன் ஜிம்கானா, பிரான்சின் லியோன், ஜெர்மனியின் ஸ்டுட்கார்ட், மலேசியா, டாக்காவின் அபாஹனி என்று எங்கெல்லாமோ போய்வந்தார். கேல் ரத்னா விருதும் பத்மஸ்ரீயும் தேடி வந்தன. எல்லாவற்றையும்விட என்னை வணங்க வைப்பது 2002-ல் கொலோனில் நடந்த சாம்பியன்ஸ் டிராபி. இந்தியா நான்காம் இடம்தான். ஆனால் தொடரின் சிறந்த ஆட்டக்காரர் தன்ராஜ் பிள்ளை. முப்பத்து நான்கு வயதில், ஃபார்வர்டு வரிசையில்! தன்னைவிடப் பத்து வயது குறைந்தவர்களை ஓடவிட்டுப் பின்னால் தள்ளினார். அடுத்த வருடம் கோலாலம்பூரில் பாகிஸ்தானை 4-2 என்று வீழ்த்தி, இந்தியாவின் முதல் ஆசியக் கோப்பையைக் கேப்டனாகக் கையில் ஏந்தினார். அதே ஆசியக் கோப்பையில்தான் 1989-ல் அவர் கணக்கு தொடங்கியது.

அவருடைய வாழ்க்கையை சந்தீப் மிஸ்ரா புத்தகமாக எழுதியிருக்கிறார். அம்மாவிடம் மன்னிப்புக் கேட்பதாக அமைந்த தலைப்பு. நான்கு முறை ஒலிம்பிக் போய்ப் பதக்கம் இல்லாமல் வீடு திரும்பிய மகன், உலகத்தில் வேறு யாரிடம் மன்னிப்புக் கேட்பான்? ஆனால் எனக்கு ஒன்று தோன்றுகிறது. ஒட்டுப்போட்ட ஸ்டிக்கோடு ஐந்து பிள்ளைகளை மண்ணில் ஆடவிட்ட வீடு அது. அப்படிப்பட்ட வீட்டு அம்மாக்கள் பதக்கத்தை எண்ணியா பிள்ளைகளை மதிப்பார்கள்?

சமீபத்தில் அயர்லாந்தின் ஹர்லிங் ஆட்டத்தை முதல்முறையாகப் பார்த்தேன். அணிக்குப் பதினைந்து பேர். ஆஷ் மரத்தில் செய்த, அடி அகன்ற மட்டை. பந்தைத் தரையிலும் அடிக்கிறார்கள், வானத்திலும் அடிக்கிறார்கள், மட்டை நுனியில் தாங்கிக்கொண்டும் ஓடுகிறார்கள். டப்ளினில் இறுதி ஆட்டம் என்றால் எண்பதாயிரம் பேர் கூடுகிறார்கள். ஆடுபவர்களில் ஒருவருக்கும் சம்பளம் கிடையாது. ஆசிரியர், விவசாயி, அலுவலகக்காரர். திங்கட்கிழமை அவரவர் வேலைக்குத் திரும்பிவிடுவார்கள். பிறந்த ஊர்க் கிளப்பும், சிறுவர் முதல் கிழவர் வரை கூடும் ஊர் மைதானமும்தான் அந்த ஆட்டத்துக்கு வேர். பார்த்து முடித்ததும் கட்கி நினைவு வந்தது, கோவில்பட்டி நினைவு வந்தது.

ஆமாம், கோவில்பட்டி. கரிசல் மண்ணில் ஹாக்கியை வளர்த்த ஊர். அங்கே விளையாட்டு விடுதியில் பயிற்சி பெற்றவர் அரியலூர்ப் பையன் கார்த்தி செல்வம். எங்கள் நெய்வேலியிலிருந்து எட்டிவிடும் தூரம் அரியலூர். அவருடைய அப்பா காவலாளி வேலை பார்த்தவர். 2023 ஆகஸ்டில் சென்னையில் ஆசிய சாம்பியன்ஸ் டிராபி நடந்தபோது, எழும்பூர் ராதாகிருஷ்ணன் மைதானத்தில் ஜப்பானுக்கு எதிரான அரையிறுதியில் கார்த்தி கோல் அடித்தார். நான் கேலரியில் இருந்தேன். பக்கத்தில் யார் என்றே தெரியாத பெரியவர் ஒருவர் என் தோளைப் பிடித்து உலுக்கினார். இறுதி ஆட்டத்தில் 1-3 என்று பின்தங்கியிருந்து மலேசியாவை 4-3 என்று வென்றது இந்தியா. அப்பா இருந்திருந்தால் மஃப்ளரோடு வந்து என்னை எழுப்பியிருப்பார்.

மைதானம் பார்த்தவர் மகன், காவலாளி மகன் என்று இவர்களைச் சொல்லும்போது வறுமையைப் பெருமையாகக் காட்டுவதாக யாரும் நினைக்க வேண்டாம். வறுமை யாரையும் ஆட்டக்காரர் ஆக்கியதில்லை. எத்தனையோ பேரை ஆட்டத்திலிருந்து பிடுங்கித்தான் போட்டிருக்கிறது. எங்கள் திடலில் என்னைவிட நூறு மடங்கு நன்றாக ஆடிய ஒருவன் பத்தாம் வகுப்போடு ஒப்பந்த வேலைக்குப் போனான். தன்ராஜைக் காப்பாற்றியவை மூன்று. வீட்டு வாசலில் ஒரு மைதானம். முன்னால் நடந்து வழிகாட்டிய ஓர் அண்ணன். ஆடுவதற்காகவே கிடைத்த ஒரு வேலை. மூன்றில் ஒன்று குறைந்திருந்தாலும் அந்தப் பெயர் நமக்குத் தெரியாமலே போயிருக்கும். அண்ணனையும் வேலையையும் நம்மால் எல்லோருக்கும் தர முடியாது. மைதானத்தைத் தர முடியும்.

போன மாதம் நெய்வேலி போயிருந்தேன். விடிகாலை நடையில் பழைய திடல் பக்கம் போனேன். ஒருவர் ஹோஸ் பைப்பைப் பிடித்துத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார். அறுபதை ஒட்டிய வயது. பேச்சுக் கொடுத்தேன்.

“ஹாக்கி ஆட யாராவது வராங்களாண்ணே?”

“முன்ன மாதிரி இல்ல தம்பி. எல்லாம் கிரிக்கெட்டுதான். சாயங்காலம் நாலஞ்சு பசங்க ஸ்டிக்கைத் தூக்கிக்கிட்டு வரும்.”

“நாலஞ்சு பேருக்காகவா இவ்வளவு தண்ணி?”

அவர் பைப்பை அடுத்த பக்கம் திருப்பினார். “காஞ்சு கெடந்தா அந்த நாலு பேரும் வராது.”

நாகலிங்கம் பிள்ளையை நான் பார்த்ததில்லை. அவர் குரல் எப்படி இருந்திருக்கும் என்றும் தெரியாது. அன்று காலை அந்த அண்ணன் முன்னால் கொஞ்ச நேரம் பேசாமல் நின்றுவிட்டு வந்தேன்.

சாயங்காலம் மறுபடி போனேன். அவர் சொன்னதுபோலவே ஐந்து பையன்கள். அதில் ஒருவன் ஓரமாக உட்கார்ந்து, விரிசல் விட்ட ஸ்டிக்கில் கறுப்பு டியூபைச் சுற்றிக்கொண்டிருந்தான். சுற்று தளர்ந்து தளர்ந்து அவிழ்ந்தது. பக்கத்தில் உட்கார்ந்து வாங்கிப் பார்த்தேன். கை மறக்கவில்லை.

“மேலருந்து ஆரம்பிக்காத தம்பி. கீழருந்து சுத்து. ஒவ்வொரு சுத்தும் முந்துன சுத்துமேல பாதி ஏறணும். நல்லா வலிச்சுப் பிடி.”

முடிச்சுப் போட்டுக் கொடுத்தேன். ஒருமுறை தரையில் தட்டிப் பார்த்தான். பிறகு ஈரம் காயாத செம்மண்ணில் ஓடினான்.